ஒரே மகளின் கையில் மண்சட்டி

வட சீனத்துக் கிராமங்களில் சவப்பெட்டி வீட்டைவிட்டுப் புறப்படும் வேளையில் ஒரு மண்சட்டி உடைக்கப்படுகிறது. இறந்தவரின் முன்னே தாள்பணம் எரித்து எரித்துச் சாம்பல் சேர்ந்த சட்டி அது. மூத்த மகன் முழந்தாளிட்டு, அதைத் தலைக்குமேல் உயர்த்தித் தரையில் ஓங்கி அடிக்கிறான். ஒரே அடியில் உடைய வேண்டும். எவ்வளவு நுணுக்கமாகச் சிதறுகிறதோ அவ்வளவுக்கு நல்லது என்பார்கள். உடைந்த ஒலி கேட்டதும் பெட்டியைத் தூக்குவோர் அடியெடுத்து வைக்கிறார்கள். இச்செயலுக்கு 'ஷுவாய்-பென்' என்று பெயர். 'ஷுவாய்' என்பது ஓங்கி எறிதல், 'பென்' என்பது சட்டி. சடங்குக்கு இட்ட பெயரில் துயரத்தைக் குறிக்கும் சொல் ஒன்றும் இல்லை.

தமிழ் வாசகருக்குக் கொள்ளிக்குடம் உடனே நினைவுக்கு வரும். அந்த ஒப்புமையை நெடுந்தூரம் இழுத்துச் செல்வதில் பயன் குறைவு. சீனத்துச் சட்டியின் கனம் முதன்மையாக வாரிசுரிமையில் இருக்கிறது. சட்டியை உடைப்பவனும், ஆன்மாவுக்கு வழிகாட்டும் கொடியை ஏந்தி முன்னே நடப்பவனும் வாரிசு என்பதை ஊரார் கண்ணால் கண்டு உறுதி செய்கிறார்கள். மகன் இல்லாதபோது பேரன். அவனும் இல்லையென்றால் உடன்பிறந்தானின் மகன். அப்படி உடைத்தவனுக்கு இறந்தவரின் வீட்டின்மீது ஓர் உரிமை பிறக்கிறது. இந்த உரிமை நீதிமன்றத்துக்கும் போயிருக்கிறது. ஷான்தோங் மாகாணத்தின் சிங்தாவ் நகரில் 2005-ஆம் ஆண்டு வந்த ஒரு வழக்கில், பிள்ளையின்றி இறந்த சிற்றப்பனுக்குச் சட்டி உடைத்துவிட்டு அவருடைய வீட்டில் பல ஆண்டுகள் வாழ்ந்துவந்தவன் ஒருவன். வீட்டை இடித்து இழப்பீடு தரப்போகும் சமயத்தில் வேறொரு உறவினர் தானப் பத்திரத்தை நீட்டினார். பத்திரம் அவர் பக்கம். சட்டி இவன் பக்கம். நீதிமன்றம் பத்திரக்காரரின் கோரிக்கையைத் தள்ளுபடி செய்தது. சட்டி உடைத்து வாரிசாகும் வழக்கம் சட்டத்தின் எந்த விதிக்கும் முரணானதன்று என்னும் பார்வை அத்தீர்ப்பில் இருந்தது. சட்டக் கல்லூரிகளில் இன்றும் வழக்காறும் சட்டமும் மோதும் இடத்துக்கு எடுத்துக்காட்டாக இவ்வழக்கு பேசப்படுகிறது.

ஆனால் 1985-ஆம் ஆண்டின் வாரிசுரிமைச் சட்டம் மகனுக்கும் மகளுக்கும் சம உரிமை வழங்கியிருந்தது. சட்டி வழங்கவில்லை. மகள் அழலாம், வெள்ளை உடுத்தலாம், முழந்தாளிடலாம், சட்டியைத் தொடலாகாது. ஏறத்தாழ 35 ஆண்டுகள் ஒரு குடும்பத்துக்கு ஒரு குழந்தை என்று ஆணையிட்ட நாட்டில், அந்த ஒரு குழந்தை பெண்ணாயிருந்த வீடுகளில் சட்டியை யார் உடைப்பது? இக்கேள்விக்கு விடை தேடினால் சீன மொழிக்குள்ளேயே சற்றுத் தூரம் நடக்க வேண்டியிருக்கிறது.

'ஷியாவ்' என்னும் சொல்லிலிருந்து தொடங்கலாம். அகராதிகள் அதற்குப் பெற்றோரைப் பேணும் பண்பு என்று பொருள் தருகின்றன. எழுத்தின் மேற்பகுதி முதியவரைக் குறிக்கும் உருவின் சுருக்கம், கீழ்ப்பகுதி குழந்தை. முதியவரைக் குழந்தை தாங்குகிறது என்று பள்ளியில் விளக்குவார்கள். அதே சொல்லுக்குத் துக்க உடை என்ற பொருளும் உண்டு. 'ஷியாவ்' அணிந்திருக்கிறான் என்றால் இழவு காக்கிறான் என்று பொருள். ஒரு பண்பு துணியாகி உடலில் ஏறிவிடுகிறது. நகரங்களில் முழு உடைக்குப் பதிலாகக் கையில் கட்டும் கறுப்புப் பட்டையிலும் பல இடங்களில் இந்த ஓர் எழுத்தே பொறிக்கப்பட்டிருக்கும்.

அந்தத் துணிக்கு ஒரு காலத்தில் இலக்கணமே இருந்தது. 'ஊ-ஃபூ', அதாவது ஐந்து உடைகள் என்னும் முறை அது. தந்தைக்கு மகன் அணிவது ஓரம் மடித்துத் தைக்காத, மிக முரட்டுச் சணல். அடுத்த நிலையில் ஓரம் மடிக்கப்படுகிறது. உறவு விலக விலகத் துணி மென்மையாகிறது, காலம் குறைகிறது: 9 மாதம், 5 மாதம், கடைசியாக 3 மாதம். ஓர் ஊர்வலத்தைப் பார்த்தவுடன் யார் யாருக்கு என்ன உறவு என்று துணியின் நெசவைக்கொண்டே சொல்லிவிட முடியும். உறவுப் பெயர்களை ஆராயும் மொழியியலாளர் பலர் இப்பட்டியலை விரும்பிப் படிப்பதற்குக் காரணமுண்டு: சீன உறவுமுறைச் சொற்களின் நுட்பமான வேறுபாடுகள் பலவும் இங்கே துணியாகத் தைக்கப்பட்டிருக்கின்றன. மணமான மகளின் நிலையும் இதில் தெளிவாக எழுதியிருக்கிறது. மணமாகாதவரை தந்தைக்கு அவள் மகனைப்போலவே முழுத்துக்கம் காப்பாள். மணமான நாளிலிருந்து அது ஓராண்டாகக் குறைந்துவிடும். முழுத்துக்கம் கணவனின் பெற்றோருக்குரியதாகும். துக்கத்தின் அளவையும் திருமணம் இடம் மாற்றியது.

மகனின் முழுத்துக்கம் மூன்றாண்டு என்று பெயர் பெற்றது. உண்மைக் கணக்கு 25 மாதமா 27 மாதமா என்று உரையாசிரியர்கள் நூற்றாண்டுக் கணக்கில் வாதிட்டிருக்கிறார்கள். கன்ஃபூஷியசின் உரையாடல் நூலில் அவருடைய மாணவர் ட்ஸாய் வோ, ஓராண்டு போதாதா என்று நேரடியாகவே கேட்கிறார். மூன்றாண்டு காலம் சடங்கும் இசையும் கைவிடப்பட்டால் அவை அழியாவா என்பது அவருடைய வாதம். உனக்கு மனம் ஒப்பினால் அப்படியே செய் என்று சொல்லி ஆசிரியர் அவரை அனுப்பிவிடுகிறார். அவர் போனபின் மற்றவர்களிடம், குழந்தை பெற்றோரின் கையைவிட்டு இறங்க மூன்றாண்டாகிறதே என்று வருந்துகிறார். காரணத்தை அந்த மாணவரிடமே சொல்லியிருக்கலாம். பிற்காலத்து உரைகாரர்கள் ட்ஸாய் வோவை நன்றியற்றவர் என்று திட்டித் தீர்த்தார்கள். கேள்வி என்னவோ நியாயமான கேள்விதான்.

பேரரசுக் காலத்து அதிகாரிகள் பெற்றோர் இறந்தால் பதவியைவிட்டு ஊருக்குத் திரும்பி 27 மாதம் இருக்க வேண்டும். 1577-இல் மிங் அரசின் தலைமை அமைச்சர் ஜாங் ஜுஜெங் தந்தை இறந்தும் பதவியில் தொடர்ந்தார். பேரரசரின் ஆணை அது. எதிர்த்து விண்ணப்பம் எழுதியவர்கள் அரசவையில் தடியடி பட்டார்கள். துக்கத்துக்கு விடுப்பு எடுக்காததற்காக ஓர் அரசே கலங்கிய காலம். இன்றைய நிலைக்கு வந்தால், 1980-இல் வெளியான சுற்றறிக்கை ஒன்று அரசு நிறுவன ஊழியர்களுக்குப் பெற்றோர், வாழ்க்கைத்துணை, பிள்ளை ஆகியோரின் இறப்புக்கு 1 முதல் 3 நாள் விடுப்பு என்றது. பயண நாள்கள் தனி. இன்றளவும் பெரும்பாலான பணியிடங்களுக்கு அதுவே அளவுகோல். 27 மாதத்திலிருந்து 3 நாள்.

சாவைக் குறிக்கும் சொற்களிலும் இதே படிவரிசை இருந்தது. பேரரசர் இறந்தால் மலை சரிந்ததைக் குறிக்கும் வினை, சிற்றரசருக்கு வேறொன்று, பெரும் அதிகாரிக்கு 'முடிவுற்றார்' என்பதைப் போன்ற ஒன்று, கற்றோருக்குச் 'சம்பளம் நின்றது' என்னும் பொருள்தரும் தொடர். 'ஸ்ஸு', அதாவது வெறுமனே சாவது, பொதுமக்களுக்கு மட்டும் உரியது. சடங்கு நூலான லீ-ஜியில் இவ்வரிசை அப்படியே இருக்கிறது. கற்றோரின் சாவுக்குச் சம்பளம் நிற்பதைச் சொன்ன அந்நூலாசிரியர்கள் ஆய்வு மாணவர்களின் உதவித்தொகை வாழ்க்கையை முன்கூட்டியே அறிந்திருந்தார்கள் போலும்.

இன்று அந்தப் படிகள் இல்லை. ஆனால் 'ஸ்ஸு' இன்னும் வீட்டுக்குள் வருவதில்லை. நான்கு என்னும் எண்ணின் பெயரும் அதே ஒலிதான், தொனி மட்டும் வேறு; அதனால் பல அடுக்குமாடிகளில் நான்காம் தளமே இருக்காது. வீட்டார் 'போய்விட்டார்' என்பார்கள், 'இல்லாமலானார்' என்பார்கள், ஊர்ப்புறத்தில் முதியவரைப்பற்றி 'மூப்பெய்திவிட்டார்' என்றால் இறந்துவிட்டார் என்று பொருள். முதியவர் தமக்கெனத் தைத்து வைத்துக்கொள்ளும் சவ உடைக்கு 'ஷோவ்-யீ', நீளாயுள் உடை என்று பெயர். முன்கூட்டியே செய்து வீட்டில் வைத்திருக்கும் சவப்பெட்டி நீளாயுள் மரம். கடிகாரத்தைப் பரிசளிக்கலாகாது, ஏனெனில் 'கடிகாரம் தருதல்' என்பதும் 'இறுதிவரை உடனிருந்து வழியனுப்புதல்' என்பதும் ஒரே ஒலி, 'ஸோங் ஜோங்'. இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். இரண்டாவது ஸோங் ஜோங் அமங்கலமான வசைச்சொல்லே அன்று. பெற்றோர் பிள்ளைகளிடம் எதிர்பார்க்கும் மிகப்பெரிய கடமை அது. மூச்சு நிற்கும்போது பிள்ளை அருகில் இருக்க வேண்டும். வாழ்நாள் முழுவதும் விரும்பும் ஒன்றின் பெயரை வாழ்நாள் முழுவதும் காதில் விழாமல் காக்கிறார்கள்.

இந்தச் சொல்லாமை நோயாளிக்கும் நீளும். புற்றுநோய் வந்த பாட்டியிடம் நோயின் பெயரைச் சொல்லாமல், ஒரு போலித் திருமணத்தைக் காரணம் காட்டி, பிரிந்து வாழும் குடும்பம் முழுவதும் அவரைக் காணக் கூடுவதை லூலூ வாங் இயக்கிய 'த ஃபேர்வெல்' (2019) காட்டியது. மேலைநாட்டு விமர்சகர்களில் பலர் அதைப் பொய்யின் கதையாகக் கண்டார்கள். அந்த வீட்டார் செய்தது துயரத்தின் சுமையைப் பாட்டியின் தோளிலிருந்து இறக்கித் தங்களுக்குள் பங்கிட்டுக்கொண்டது என்றும் அதைப் படிக்கலாம். அப்படத்திலேயே ஒரு பாத்திரம் ஏறக்குறைய இவ்வாறுதான் வாதிடுகிறது.

அரசு இந்த வீட்டுக்குள் நுழைந்த கதை தனி. 1956 ஏப்ரல் 27 அன்று மாவோ உள்ளிட்ட 151 தலைவர்கள் தகனத்தை ஆதரிக்கும் முன்மொழிவில் கையொப்பமிட்டார்கள். விளைநிலமும் மரமும் மிச்சமாகும் என்பது காரணம். அது வெறும் சாக்கன்று. ஆனால் கையொப்பக்காரர்களின் பிற்காலம் வேடிக்கையானது. ஜோ என்லாயின் சாம்பல் 1976-இல் வானிலிருந்து தூவப்பட்டது. தெங் ஷியாவ்பிங்கின் சாம்பல் 1997-இல் கடலில் கரைக்கப்பட்டது. முதற்கையொப்பமிட்டவரின் உடல் மட்டும் தியானன்மென் சதுக்கத்துக் கண்ணாடிப் பேழையில் இன்னும் எரியாமல் இருக்கிறது.

தலைவர்களுக்கு விருப்பமாயிருந்தது ஊர்களுக்கு ஆணையாயிற்று. 1997-இன் ஈமச்சடங்கு ஒழுங்குமுறை விதிகள், மக்கள் நெருக்கம் மிகுந்த பகுதிகளில் தகனத்தைக் கட்டாயமாக்கி அங்கே சவப்பெட்டி விற்பதைத் தடைசெய்தன. 2012-இல் ஹெனான் மாகாணத்தின் ஜோகோவில் நிலத்தை மீட்பதற்காக 20 லட்சத்துக்கும் மேற்பட்ட கல்லறை மேடுகள் சமன்செய்யப்பட்டன. எதிர்ப்பு நாடெங்கும் எழுந்தது. அவ்வாண்டு நவம்பரிலேயே விதிகளிலிருந்து வலுக்கட்டாயமாக நிறைவேற்றலாம் என்ற சொற்கள் நீக்கப்பட்டன. மக்கள் மண்வெட்டியோடு சென்று மேடுகளை மீண்டும் எழுப்பினார்கள். 2014-இல் ஆன்ஹுய் மாகாணத்தின் ஆன்சிங்கில் ஜூன் 1 முதல் புதைத்தல் கூடாது என்று அறிவிக்கப்பட்டது. அந்நாளுக்குமுன் இறந்துவிட்டால் பெட்டியில் போகலாம் என்று முதியவர்கள் சிலர் உயிரை மாய்த்துக்கொண்டதாகச் செய்தித்தாள்கள் எழுதின. உள்ளூர் நிர்வாகம் தொடர்பை மறுத்தது. 2018-இல் ஜியாங்ஷியில் வீடு வீடாகச் சென்று பெட்டிகளைப் பறித்து இயந்திரத்தால் நொறுக்கினார்கள். பெட்டியை விடமாட்டேன் என்று அதற்குள் ஏறிப் படுத்துக்கொண்ட முதியவர்களின் காணொளிகள் பரவின. அரசு சார்ந்த ஊடகங்களே அதைக் கண்டித்தன.

அதிகாரியின் பட்டியலில் அது 'ஒரு பெட்டி, இழப்பீடு இவ்வளவு யுவான்'. உரியவருக்கு அது நீளாயுள் மரம். பத்து, இருபது ஆண்டுகளாகத் தானியப் பத்தாயத்துக்குப் பக்கத்தில் நின்று, ஆண்டுதோறும் அரக்கு பூசப்பட்டு, பிள்ளைகளின் நன்றிக்குச் சாட்சியாயிருந்த பொருள். நிலம் பற்றிய அரசின் கணக்கு சரியாகவே இருக்கலாம். பெட்டியின் பெயரை ஒருமுறை காதுகொடுத்துக் கேட்டிருந்தால் இயந்திரத்தை அனுப்பியிருக்கமாட்டார்கள்.

சாம்பலுக்குமுன் உடல் கடந்துபோகும் மண்டபத்துக்கு அரசு தன் சடங்கையும் தந்தது. 'ஜுய்தாவ்-ஹுய்' என்னும் நினைவஞ்சலிக் கூட்டம். 1944 செப்டம்பரில், கரி சுடும் சூளை சரிந்து இறந்த ஜாங் ஸுதெ என்னும் படைவீரருக்காக மாவோ ஆற்றிய உரையில், இனி நம்மில் யார் இறந்தாலும், சமையற்காரராயினும் வீரராயினும், அவருக்கு இத்தகைய கூட்டம் நடத்த வேண்டும் என்ற கருத்து இருக்கிறது. அடித்தட்டு மனிதனின் சாவுக்கும் பொதுமதிப்பு என்பது அந்நாளில் உண்மையாகவே புதியது. பின்னர் அது உறைந்து ஒரு வடிவமாயிற்று: சோக இசை, மௌனம், மூன்று முறை குனிந்து வணக்கம், பணியகத் தலைவரின் இரங்கலுரை, குடும்பத்தாரின் நன்றி, உடலைச் சுற்றி ஒரு நடை. முழந்தாளிட்டுத் தலையைத் தரையில் பதிக்கும் இடத்தில் இடுப்பு வளைவு வந்தது. மகன் நின்ற இடத்தில் பணியகம் நின்றது. இறந்தவர் தோழர் ஆனார். பிறப்பு, கட்சியில் சேர்ந்த ஆண்டு, பதவிகள், 'நோயுற்று, சிகிச்சை பலனின்றி' என்னும் மாறாத தொடர், உழைப்பும் எளிமையும்.

ஷாங்ஹாயின் ஈமக்கூடங்களில் வேலை செய்தே ஆய்வு நடத்திய ஹுவிமின் லூசியா லியூவின் நூல் (2023) இங்கே வியப்பான ஒன்றைச் சொல்கிறது. சந்தை வந்தது, பூக்களிலிருந்து அரங்க அலங்காரம்வரை எல்லாவற்றையும் தெரிந்தெடுக்கலாம் என்றாயிற்று, பணியகத்தின் பிடி தளர்ந்தது. இத்தனைக்கும் பிறகும் கூட்டத்தின் எலும்புக்கூடு அப்படியே இருக்கிறது. தனிமனிதரை அவருடைய தனித்தன்மையோடு நினைவுகூரும் உரையை எழுதித்தர ஈமக்கூடங்கள் முயன்றும், பெரும்பாலான குடும்பங்கள் நல்ல தோழருக்குரிய பழைய வாய்பாட்டையே ஏற்றன. வாய்பாட்டைக் குறைசொல்வது எளிது. தந்தையை இழந்து ஒரு நாளே ஆனவர், எல்லோரும் பேசிய வாக்கியத்தின்மீது சாய்ந்துகொள்ள விரும்புவதில் குற்றம் காண இடமில்லை. ஆறுதல் கூற வருவோர் சொல்லும் 'ஜியே-ஆய் ஷுன்-பியென்', துயரை அளவில் நிறுத்தி மாற்றத்துக்கு இசைக என்பதும் சடங்கு நூல் காலத்து வாய்பாடே. நேற்று புதிதாய்ச் சிந்தித்துச் சொன்ன ஆறுதலைவிட அது நன்றாகவே வேலை செய்கிறது.

ஆண்ட்ரூ கிப்னிஸின் 'மிஸ்டர் வாங்கின் ஈமச்சடங்கு' (2021) நகரத்தின் மற்றொரு முகத்தைக் காட்டுகிறது. ஊரில் அண்டை வீட்டாரும் பங்காளிகளும் செய்த வேலைகளை நகரத்தில் 'யீ-தியாவ்-லோங்', ஒரே டிராகன் என்று பெயர்பெற்ற முழுச்சேவைத் தொழில்முனைவோர் செய்கிறார்கள். உடை அணிவிப்பதிலிருந்து கல்லறைவரை ஒரே தொலைபேசி எண். சாவோடு பழக்கம் அற்றுப்போன அடுக்குமாடிகளில் பேய் பற்றிய அச்சம் குறைவதற்குப் பதில் கூடுகிறது என்பது அவருடைய வாதம். அறிமுகமற்றவர்கள் நடுவே வாழ்வோருக்கு அறிமுகமற்ற இறந்தோரும் அச்சந்தருகிறார்கள்.

இந்தப் பின்னணியில், ஷான்தோங்கின் ஒரு சிறுநகரில் ஆலைத் தொழிலாளியின் ஒரே மகளாகப் பிறந்து, தெற்கே ஷென்ஜெனில் வேலை பார்க்கும் ஒருத்தியை எண்ணிப் பார்க்கலாம். (கிராமங்களில் முதற்குழந்தை பெண்ணானால் இரண்டாவது பெற்றுக்கொள்ளப் பல மாகாணங்கள் இசைந்தன, ஒரே மகள்கள் பெரும்பாலும் நகரத்துப் பிள்ளைகள்.) இரவில் அழைப்பு வருகிறது. உடம்பு சரியில்லை, வா என்பார்களே தவிர நடந்ததைச் சொல்லமாட்டார்கள். ஸோங் ஜோங் என்னும் கடமை அந்த நொடியிலேயே தவறிவிட்டது; ரயிலில் இருக்கும்வரை அவளுக்கு அது தெரியாது. விடுப்பு மூன்று நாள். வந்து இறங்கினால் பெரியப்பா, அண்ணன் உடைக்கட்டும் என்கிறார். அண்ணன் என்றால் பெரியப்பாவின் மகன். அவனுக்கும் அதில் பெரிய ஆசை இல்லை. ஆனால் மறுத்தால் சிற்றப்பனை அனாதையாய் அனுப்பியவன் என்ற பேச்சு வரும். வீடு சட்டப்படி அவளுடையது என்பது எல்லோருக்கும் தெரியும். சட்டியை அவன் உடைத்தால் நாளைக்கு என்ன பேச்சு வரும் என்பதும் எல்லோருக்கும் தெரியும். அம்மா ஒன்றும் சொல்லாமல் தாளை மடித்து எரித்துக்கொண்டிருப்பாள்.

இத்தகைய வீடுகளில் இப்போது மகள்கள் சட்டியை உடைக்கிறார்கள். எல்லா ஊரிலும் அன்று, எதிர்ப்பின்றியும் அன்று. சில இடங்களில் மகளும் அண்ணனும் சேர்ந்து பிடிக்கிறார்கள். சில இடங்களில் மருமகன் பிடிக்க, மகளின் கை மேலே இருக்கிறது. பெரிய அறிவிப்போ இயக்கமோ இன்றி, சடங்கு தெரிந்த முதியவர் ஒருவர் 'இந்தப் பிள்ளையே உடைக்கட்டும்' என்று சொல்வதோடு நூற்றாண்டுக்கால விதி அந்த முற்றத்தில் முடிந்துபோகிறது. சீனச் சாவுச்சடங்குகளை ஒன்றாய்க் கட்டியது நம்பிக்கை அன்று, செயல்முறையே என்று ஜேம்ஸ் வாட்சன், ஈவ்லின் ராவ்ஸ்கியோடு பதிப்பித்த 1988-ஆம் ஆண்டுத் தொகுதியில் வாதிட்டார். யார் எதை நம்பினாலும் சரி, செய்ய வேண்டியதைச் செய்ய வேண்டிய வரிசையில் செய்தால் போதும். அப்படியெனில் செய்பவர் மாறுவதே பெரிய மாற்றம். அதே வாட்சன் ஹாங்காங்கின் கிராமங்களில் கண்டது, மகள்களும் மருமகள்களும் விரித்த கூந்தலைச் சவப்பெட்டியில் உரசிச் சாவின் தீட்டைத் தம்மேல் ஏற்பதை. தீட்டைச் சுமக்கப் பெண், வாரிசுக்கு ஆண் என்று வேலை பிரிக்கப்பட்டிருந்தது. 2024-இல் வெளிவந்து ஹாங்காங்கில் வசூலில் சாதனை படைத்த 'த லாஸ்ட் டான்ஸ்' படத்தின் முடிச்சும் இதுவே: நரகத்தின் வாயிலை உடைத்து ஆன்மாவை விடுவிக்கும் தாவோயிசச் சடங்கு மகனுக்கே கற்பிக்கப்படும், பெண் தூய்மையற்றவள். தந்தைக்காக அச்சடங்கில் மகள் அடியெடுத்து வைக்கும் காட்சிக்கு அரங்குகள் அழுதன.

அழுகையைப் பற்றியும் சொல்ல வேண்டும். சாவு வீட்டில் பெண்கள் சொற்கோத்து அழும் ஒப்பாரி மரபு சீனத்தின் பல வட்டாரங்களில் இருந்தது. ஷாங்ஹாயை அடுத்த நான்ஹுயில் மணப்பெண்ணும் இதே முறையில் அழுதே பிறந்தவீட்டைவிட்டுப் போவாள். ஆன் மெக்லாரன் அவ்வொப்பாரிகளைத் தொகுத்து ஆராய்ந்திருக்கிறார். எழுதப் படிக்கத் தெரியாத பெண்கள் பொதுவெளியில் நீண்டு பேச அனுமதி பெற்ற தருணங்கள் அவை. அக்கலை தெரிந்த தலைமுறை மறைந்துகொண்டிருக்க, கூலிக்கு அழுவோர் வந்துவிட்டார்கள். வெள்ளை உடுத்தி, ஒலிவாங்கியைப் பிடித்து, முழந்தாளில் ஊர்ந்து, 'அப்பா, உன் மகள் வந்துவிட்டேன்' என்ற வகையில் கதறுகிறார்கள். இலக்கணத்தில் தன்மை ஒருமை பேசுபவரைச் சுட்டும் என்பது முதற்பாடம். இங்கே 'நான்' பேசுபவரைச் சுட்டவில்லை; பக்கத்தில் பேசாமல் நிற்கும் மகளைச் சுட்டுகிறது. போலி அழுகை என்று படித்தவர்கள் முகம் சுளிப்பார்கள். ஆனால் அந்த இரவல் 'நான்' ஒலிக்கத் தொடங்கிய சில நிமிடங்களில் மகளும் அழத் தொடங்குவதைப் பலர் பதிவு செய்திருக்கிறார்கள்.

ஒருவருக்குமட்டும் இந்த முறையில் இடமே இல்லை: பிள்ளையை இழந்த பெற்றோருக்கு. துக்கம் கீழிருந்து மேலே செல்வது; நரைத்த தலை கருந்தலையை அனுப்புவதைப் பற்றிச் சொலவடை உண்டு, சடங்கு அரிது. பல ஊர்களில் பெற்றோர் பிள்ளையின் பிணத்தோடு கல்லறைக்குச் செல்வதும் கூடாது. ஒரே பிள்ளையையும் இழந்தவர்களுக்கு 'ஷி-தூ' என்று புதுச்சொல் உருவாகியிருக்கிறது. 'இழத்தல்', 'ஒற்றை' என்னும் இரண்டு எழுத்துகள். குழந்தை என்ற சொல் அதில் இல்லை. நாளை தமக்குச் சட்டி உடைக்கவும் ஆளில்லை என்பதையும் அப்பெற்றோர் அந்த ஒரு சாவிலேயே அறிந்துகொள்கிறார்கள்.

2020 பிப்ரவரி 1 அன்று வந்த அறிவிப்பு, கொரோனாவால் இறந்தவரின் உடலை அருகிலுள்ள கூடத்திலேயே தகனம் செய்ய வேண்டும், பிரியாவிடைச் சடங்கு எதுவும் கூடாது என்றது. ஊஹானில் ஒரு பருவம் முழுவதும் சட்டி உடையவில்லை, ஏழாம் நாள் படையல் இல்லை, குனியவும் முழந்தாளிடவும் இடமில்லை. மார்ச் இறுதியில் சாம்பல் கலசத்தைப் பெறக் குடும்பத்தார் ஈமக்கூட வாசலில் வரிசையில் நின்றார்கள். ஏப்ரல் 4, சிங்மிங் நாளன்று காலை 10 மணிக்கு நாடு மூன்று நிமிடம் நின்றது. கார்களும் ரயில்களும் ஒலியெழுப்பின. ஒழுங்கான, பெரிய ஜுய்தாவ்-ஹுய்.

ஒழுங்கற்ற இன்னொன்று வேறிடத்தில் நடந்துகொண்டிருந்தது. தொற்று குறித்து நண்பர்களை எச்சரித்ததற்காகக் காவல்துறையால் கண்டிக்கப்பட்ட கண் மருத்துவர் லீ வென்லியாங் பிப்ரவரி 7 அன்று இறந்தார். அவருடைய வெய்போ பக்கத்தின் கடைசிப் பதிவு, தமக்கு நோய் உறுதியானதைச் சொல்வது. அதன் கீழே மக்கள் எழுதத் தொடங்கினார்கள். பத்து லட்சத்தைத் தாண்டியும் நிற்கவில்லை. மக்கள் அதற்கு அழுகைச் சுவர் என்று பெயரிட்டார்கள். அங்கே எழுதப்படுபவற்றில் இரங்கலுரையின் வாய்பாடு அரிதாகவே இருக்கிறது. டாக்டர் லீ, காலை வணக்கம். இன்று இங்கே மழை. தேர்வில் தோற்றுவிட்டேன். வேலை கிடைத்துவிட்டது. பையனுக்குப் பல் முளைத்திருக்கிறது. சட்டி, துணி, வரிசை, வாரிசு எதுவும் வேண்டாத இத்துக்கத்துக்கு ஐந்து உடைகளின் பட்டியலில் இடம் தேடினால் கிடைக்காது; எழுதுவோருக்கும் இறந்தவருக்கும் எந்த உறவுமில்லை. முன்னிலையில் பேசுகிறார்கள், அவ்வளவுதான்.

சிங்மிங் 2008-இலிருந்து அரசு விடுமுறை. அன்று மகள்கள் ரயிலேறி ஊருக்குப் போகிறார்கள். கல்லைத் துடைத்து, பழமும் மதுவும் வைத்து, தாளை எரிக்கிறார்கள். போக முடியாதவர்கள் நகரத்து நாற்சந்தியில் சுண்ணாம்பால் ஒரு வட்டம் வரைந்து, வீட்டுத் திசையில் சிறு வாயில் விட்டு, அதற்குள் எரிக்கிறார்கள். நகராட்சி ஆண்டுதோறும் தடை அறிவிப்பு ஒட்டுகிறது. வட்டங்கள் ஆண்டுதோறும் கரிந்து கிடக்கின்றன. கல்லறைக் கல்லில் தந்தையைக் குறிக்க மரபான எழுத்து 'காவ்'. ஷியாவின் மேற்பகுதியிலுள்ள அதே முதியவர் உருவே இதிலும் இருக்கிறது. இன்றைய பேச்சில் இதே எழுத்துக்குத் தேர்வு என்று பொருள். பல்கலைக்கழக நுழைவுத்தேர்வின் பெயரிலும் இதுதான். தந்தையின் பெயருக்குப் பக்கத்தில், இன்னும் உயிரோடிருக்கும் தாயின் பெயரையும் முன்கூட்டியே வெட்டிவிடுகிறார்கள். அதற்குச் சிவப்புச் சாயம். அவரும் சேரும் நாளில் சிவப்பைச் சுரண்டி வண்ணம் மாற்றுவார்கள். கல்லை நாட்டியவர் பெயருக்குரிய இடம் இடப்பக்கத்துக் கீழ்மூலை. முன்பு அங்கே மகன், மருமகள், பேரன் என்று வரிசை இறங்கும். இப்போது சில கற்களில் 'மகள்' என்றெழுதி ஒரே ஒரு பெயர் இருக்கிறது.